டிவியில் கேம் ஆடினா ஏன் 'லேக்' அடிக்குது? 1927-ல் ஒரே ஒரு கோட்டைக் காட்டிய ஃபார்ன்ஸ்வொர்த்தின் கதை!

ராயப்பேட்டை மணிக்கூண்டு பக்கம் ஒரு ஃபிளாட். சுவரில் புதுசா மாட்டிய 55 இன்ச் 4கே டிவி. அதில் பிளேஸ்டேஷனை இணைத்து கிரிக்கெட் கேம் ஆடுகிறார்கள். பந்து வருது, சரியான நேரத்தில்தான் பட்டனை அழுத்துறோம். ஆனால் பேட்ஸ்மேன் கொஞ்சம் யோசிச்சுட்டுத்தான் பேட்டைச் சுழற்றுகிறார். அதற்குள் ஸ்டம்பு காலி!

உடனே திட்டு வாங்குவது இன்டர்நெட்தான். ஆனால் வைஃபையை அணைத்துவிட்டு ஆஃப்லைனில் ஆடினாலும் அதே கதை. அப்படின்னா தாமதம் எங்கிருந்து வருது? பல வீடுகளில் அந்தத் தாமதத்தைச் சேர்ப்பது டிவியேதான்.

விஷயம் என்னன்னா, 25 வருடத்துக்கு முன்பு நம் வீட்டில் இருந்த டப்பா டிவியில் இந்தப் பிரச்சினையே கிடையாது. பழைய டிவிக்குத் தெரிந்தது புது டிவிக்கு ஏன் தெரியல? இதற்கு விடை தேடினால், தொலைக்காட்சியை உருவாக்கியவர்களில் ஒருவரான ஃபைலோ ஃபார்ன்ஸ்வொர்த்தின் வாழ்க்கைக்குள் போக வேண்டியிருக்கு. அவர் யார், என்ன செய்தார், நம்ம டிவியில் என்ன மாத்தணும்? விரிவாகப் பார்க்கலாம்.

யார் இந்த ஃபார்ன்ஸ்வொர்த்?

1906 ஆகஸ்ட் 19. அமெரிக்காவின் யூட்டா மாகாணத்தில் பீவர் என்ற ஊருக்குப் பக்கத்தில், மரக்கட்டைகளால் கட்டிய ஒரு குடிசை வீட்டில் பிறந்தார் ஃபைலோ டெய்லர் ஃபார்ன்ஸ்வொர்த். விவசாயக் குடும்பம். அவர் சிறுவனாக இருந்தபோதே குடும்பம் பக்கத்து மாகாணமான ஐடஹோவில் ரிக்பி என்ற ஊருக்குக் குடிபெயர்ந்தது.

புது வீட்டில் சிறுவனுக்கு இரண்டு பொக்கிஷங்கள் கிடைத்தன. ஒன்று, பண்ணைக்கு மின்சாரம் தரும் ஒரு ஜெனரேட்டர். இன்னொன்று, பரணில் யாரோ விட்டுப்போன அறிவியல் பத்திரிகைகள். எரிந்துபோன மோட்டார் ஒன்றுக்குத் தானே காயில் சுற்றி, அம்மா கையால் சுற்றிக்கொண்டிருந்த துணி துவைக்கும் இயந்திரத்தை மின்சாரத்தில் ஓட வைத்துவிட்டான் பையன்.

வயலில் பிறந்த யோசனை

1921-ம் ஆண்டு. ஃபைலோவுக்கு 14 வயது. உருளைக்கிழங்கு வயலில் குதிரை பூட்டி உழுதுகொண்டிருக்கிறான். ஒரு சால் ஓட்டி முடித்து, திரும்பி, அடுத்த சால். இப்படி வரிவரியாக முழு வயலும் உழுது முடிகிறது. திரும்பிப் பார்த்தபோதுதான் அந்த யோசனை வந்ததாகச் சொல்வார்கள். ஒரு படத்தையும் இப்படியே ஒவ்வொரு வரியாக உழுது அனுப்பினால் என்ன? எலெக்ட்ரான் கற்றைதான் ஏர். படம்தான் வயல்.

அந்தக் காலத்தில் இது ஏன் பெரிய விஷயம்? அப்போது உலகம் முழுக்கத் தொலைக்காட்சிக்கு முயன்றவர்கள் பெரும்பாலும் சுழலும் தட்டுகளை நம்பியிருந்தார்கள். தட்டில் சுருள் வடிவில் ஓட்டைகள் இருக்கும். தட்டு சுற்றும்போது ஒவ்வொரு ஓட்டையும் படத்தின் ஒரு வரியைப் பிடிக்கும். நம்ம பொது அறிவுப் புத்தகங்களில் படித்த ஜான் லோகி பேர்டு, 1926 ஜனவரியில் லண்டனில் செய்து காட்டியது இந்த முறையில்தான். ஆரம்பத்தில் அவருடைய படத்துக்கு 30 வரிகள் மட்டுமே.

இரும்பும் தட்டும் எவ்வளவு வேகமாகச் சுற்ற முடியும்? ஒரு அளவுக்கு மேல் முடியாது. எலெக்ட்ரானுக்கு அந்தத் தொல்லை இல்லை. கிட்டத்தட்ட எடையே இல்லாத அதைக் காந்தத்தால் நினைத்த இடத்துக்கு நொடியில் திருப்பலாம். அதாவது, அசையும் பாகமே இல்லாத டிவி. 14 வயசுப் பையன் பிடித்த சூட்சுமம் இதுதான்.

1922-ல் அந்தத் திட்டத்தைத் தன் வேதியியல் ஆசிரியர் ஜஸ்டின் டோல்மனிடம் பள்ளிக் கரும்பலகையில் வரைந்து காட்டினான் ஃபைலோ. அந்தப் படம் பின்னாளில் ஒரு பெரிய வழக்கையே திருப்பிப் போட்டது. அது எப்படின்னு கொஞ்சம் பொறுத்துப் பார்க்கலாம்.

21 வயதில் ஒரு கோடு

1924-ல் அப்பா நிமோனியாவில் இறந்துபோனார். குடும்பச் சுமை தலையில் விழ, கல்லூரிப் படிப்பு பாதியில் நின்றது. சால்ட் லேக் சிட்டியில் வேலை தேடிக்கொண்டிருந்தபோது, நிதி திரட்டும் தொழிலில் இருந்த ஜார்ஜ் எவர்சன், லெஸ்லி கோரெல் ஆகிய இருவரின் அறிமுகம் கிடைத்தது. இளைஞரின் பேச்சைக் கேட்டு 6,000 டாலர் போட்டார்கள். 1926 மே மாதம் ஃபார்ன்ஸ்வொர்த்துக்கும் எல்மா கார்ட்னருக்கும் கல்யாணம். எல்லோரும் அவரை பெம் என்றுதான் கூப்பிடுவார்கள். கல்யாணம் முடிந்த கையோடு கலிபோர்னியாவுக்குப் புறப்பட்டுவிட்டார்கள்.

சான் ஃபிரான்சிஸ்கோவில் கிரீன் தெரு, 202-ம் எண் கட்டிடம். அங்கே ஒரு சின்ன ஆய்வுக்கூடம். தேவையான கண்ணாடிக் குழாய்கள் கடையில் கிடைக்காது. பெம்மின் சகோதரர் கிளிஃப் கண்ணாடி ஊதக் கற்றுக்கொண்டு, ஒவ்வொன்றாகச் செய்து கொடுத்தார். உடைந்தது போக மிஞ்சியதை வைத்துச் சோதனை.

1927 செப்டம்பர் 7. ஒரு அறையில் கேமரா குழாயின் முன் ஒரு கோடு வரைந்த கண்ணாடி. இன்னொரு அறையில் சின்னத் திரை. அந்தத் திரையில் ஒரு கோடு தெரிந்தது. இந்த அறையில் கோட்டைத் திருப்பினால் அந்த அறையிலும் கோடு திரும்பியது. அவ்வளவுதான்! முழுக்க எலெக்ட்ரான்களால் மட்டுமே அனுப்பப்பட்ட டிவி படம் அது. ஃபார்ன்ஸ்வொர்த்துக்கு வயது 21.

பணம் போட்டவர்கள் எப்போது டாலரைக் கண்ணில் பார்ப்போம் என்று நச்சரித்ததால், அடுத்த ஆண்டு திரையில் அவர் டாலர் குறியையே காட்டினார் என்பது இந்தக் கதையின் சுவாரஸ்யமான இடம்.

அந்தக் கேமராவின் பலமும் பலவீனமும்

ஃபார்ன்ஸ்வொர்த்தின் கேமரா குழாய்க்கு இமேஜ் டிசெக்டர் என்று பெயர். அதன் குணத்தைப் புரிந்துகொண்டால் இன்றைய லேக் பிரச்சினை பாதி புரிந்துவிடும்.

அது எதையும் சேர்த்து வைக்காது. அந்தக் கணத்தில் படத்தின் அந்தப் புள்ளியில் எவ்வளவு வெளிச்சம் விழுகிறதோ, அதை அப்படியே மின் சமிக்ஞையாக மாற்றி அனுப்பிவிடும். அது பலம். ஆனால் ஒரு புள்ளிக்கு ஒரு கணம்தான் கிடைப்பதால், படம் தெரிய ஏகப்பட்ட வெளிச்சம் தேவை. 1929-ல் மனைவி பெம்மின் முகத்தை அனுப்பியபோது, விளக்கின் உக்கிரத்தில் அவர் கண்ணையே மூடிக்கொள்ள வேண்டியிருந்தது. அது பலவீனம்.

போட்டியாளரான ஆர்சிஏ நிறுவனத்தின் விளாடிமிர் ஸ்வோரிகின் உருவாக்கிய ஐகனோஸ்கோப் குழாய், வெளிச்சத்தை மின்னூட்டமாகச் சேர்த்து வைத்து அனுப்பியது. அதனால் குறைந்த வெளிச்சத்திலும் படம் தெரிந்தது. டிவி நிலையங்களின் கேமராக்கள் அந்த வழியில்தான் வளர்ந்தன. சேர்த்து வைத்தால் படம் அழகாகும், வந்ததை அப்படியே அனுப்பினால் வேகம் கிடைக்கும். கேமராவில் தொடங்கிய இந்த இழுபறி, வேறு வடிவத்தில் இன்று நம் வரவேற்பறை டிவியிலும் நடக்குது.

மலையோடு மோதியவர்

1930-ல் ஸ்வோரிகின் ஃபார்ன்ஸ்வொர்த்தின் ஆய்வுக்கூடத்துக்கே வந்து எல்லாவற்றையும் பார்த்துவிட்டுப் போனார். அடுத்த ஆண்டு ஆர்சிஏவின் தலைவர் டேவிட் சார்னாஃப் வந்தார். மொத்தத்தையும் 1 லட்சம் டாலருக்குக் கேட்டது ஆர்சிஏ. ஃபார்ன்ஸ்வொர்த் விற்கவில்லை.

பிறகு தொடங்கியது காப்புரிமைச் சண்டை. ஸ்வோரிகின் 1923-லேயே விண்ணப்பித்துவிட்டார் என்பது ஆர்சிஏவின் வாதம். அப்போதுதான் பழைய ஆசிரியர் டோல்மன் சாட்சி சொல்ல வந்தார். மாணவன் 1922-ல் கரும்பலகையில் வரைந்த படத்தை நினைவிலிருந்து திரும்ப வரைந்து காட்டினார். 1930-களின் நடுவில் தீர்ப்பு ஃபார்ன்ஸ்வொர்த் பக்கம் வந்தது. 1939-ல், பத்து ஆண்டுகளில் 10 லட்சம் டாலர் தர ஆர்சிஏ ஒப்புக்கொண்டது. காப்புரிமைக் கட்டணம் வாங்கியே பழகிய நிறுவனம் ஒரு தனி மனிதருக்குக் கட்டணம் கொடுக்க நேர்ந்தது.

வென்றும் தோற்றது எப்படி?

ஜெயிச்சாச்சு, இனி வசந்தம்தான் என்று நினைப்போம். நடந்தது வேறு.

வழக்கு நடந்த ஆண்டுகளிலேயே, 1932-ல், கைக்குழந்தையாக இருந்த மகன் கென்னத்தைப் பறிகொடுத்தார். ஓயாத வேலை, மன அழுத்தம், குடிப்பழக்கம் என்று உடம்பும் மனசும் தளர்ந்தன. அடுத்து இரண்டாம் உலகப்போர் வந்தது. போர்த் தேவைக்காக அமெரிக்காவில் டிவி உற்பத்தியே நின்றுபோனது. போர் முடிந்து வீட்டுக்கு வீடு டிவி போகத் தொடங்கிய நேரத்தில், 1947-ல், அவருடைய முக்கியக் காப்புரிமைகள் காலாவதியாகிவிட்டன. இண்டியானாவின் ஃபோர்ட் வெய்ன் நகரில் இருந்த அவருடைய டிவி நிறுவனமும் ஐடிடி என்ற பெரிய நிறுவனத்திடம் போனது.

1957-ல் அமெரிக்க டிவியில் ஒரு விளையாட்டு நிகழ்ச்சி. வந்திருப்பவரின் ரகசியம் என்னவென்று பிரபலங்கள் கண்டுபிடிக்க வேண்டும். வந்தவர் ஃபார்ன்ஸ்வொர்த். தன் கண்டுபிடிப்புக்குள்ளேயே உட்கார்ந்திருந்த அவரை யாராலும் கண்டுபிடிக்க முடியவில்லை. பரிசு 80 டாலரும் ஒரு பெட்டி சிகரெட்டும்.

கடைசிக் காலத்தில் அணுக்கரு இணைவு ஆராய்ச்சியில் இறங்கி, இருந்த பணத்தையும் அதில் கரைத்தார். 1969-ல் நிலவில் மனிதன் இறங்கியதை மனைவியோடு டிவியில் பார்த்தார். 1971 மார்ச் 11-ல், 64 வயதில் நிமோனியாவில் காலமானார்.

அடுத்த ஆண்டு, 1972-ல், உலகின் முதல் வீட்டு வீடியோ கேம் கன்சோலான ஒடிஸி விற்பனைக்கு வந்தது. வெளியிட்ட மேக்னவாக்ஸ் நிறுவனத்தின் தலைமையிடம் எங்கே தெரியுமா? ஃபார்ன்ஸ்வொர்த்தின் நிறுவனம் இருந்த அதே ஃபோர்ட் வெய்ன்!

தேனாம்பேட்டையில் தெரிந்த கடிதம்

இந்தக் கதைக்கும் நம்ம சென்னைக்கும் சம்பந்தம் இருக்கு. இந்தியாவில் டிவி ஒளிபரப்பு டெல்லியில் 1959-ல்தான் தொடங்கியது. ஆனால் அதற்கு 9 ஆண்டுகள் முன்பே, 1950-ல், ராயப்பேட்டையிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் தேனாம்பேட்டையில் நடந்த கண்காட்சியில், பி. சிவகுமாரன் என்ற மின் பொறியியல் மாணவர் ஒரு டிவி கருவியை வைத்திருந்தார். ஒரு கடிதம் வரிவரியாக வருடப்பட்டு, கேத்தோடு கதிர்க் குழாய்த் திரையில் தெரிந்தது. கிரீன் தெருவில் கோடு. தேனாம்பேட்டையில் கடிதம். இரண்டு இடத்திலும் செய்தவர்கள் இளைஞர்கள்.

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15-ல். பிறகு டயனோரா, சாலிடேர் என்று சென்னைத் தயாரிப்புகளே வீடுகளுக்கு வந்தன. அத்தனையும் டப்பா டிவிகள். அத்தனையும் கற்றையால் வரி வரியாக உழும் டிவிகள்.

டப்பா டிவியில் லேக் ஏன் இல்லை?

இந்தக் குழாயை 1897-லேயே உருவாக்கியவர் ஜெர்மனியின் கார்ல் ஃபெர்டினண்ட் பிரவுன். அதில் எலெக்ட்ரான் கற்றை இடமிருந்து வலமாக ஒரு சால், பிறகு அடுத்த சால் என்று ஓடும். இந்தியாவில் ஒரு முழுப் படத்துக்கு 625 வரிகள். ஒரு வரிக்கு ஆகும் நேரம் 64 மைக்ரோ விநாடி, அதாவது ஒரு விநாடியில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு கூட இல்லை. சமிக்ஞை உள்ளே வந்த கணமே கற்றை அதை வரைந்துவிடும். படத்தை நிறுத்திவைத்து யோசிக்க அந்த டிவியில் நினைவகமே கிடையாது.

இன்றைய எல்இடி, ஓஎல்இடி டிவிகள் அப்படி இல்லை. வரும் படத்தை முதலில் வாங்கி வைத்துக்கொள்ளும். திரை அளவுக்குப் பெரிதாக்கும், புள்ளிப் புகையை நீக்கும், நிறத்தைக் கூட்டும். அசைவு வழுவழுப்பாகத் தெரிய, அடுத்த படம் வரும் வரை காத்திருந்து, இரண்டுக்கும் நடுவில் ஒரு புதுப் படத்தைத் தானே உருவாக்கிச் செருகும். சினிமா பார்க்கும்போது இதனால் நஷ்டம் இல்லை. கேமில்தான் வினை.

இந்த வேலைகள் எல்லாம் ஓடினால் பல டிவிகளில் தாமதம் 100 மில்லி விநாடி வரை போகும். சின்ன எண்தானேன்னு தோணும். மணிக்கு 140 கி.மீ. வேகத்தில் வரும் பந்து, 100 மில்லி விநாடியில் கிட்டத்தட்ட 4 மீட்டர் பாய்ந்திருக்கும்! விநாடிக்கு 60 படம் ஓடும் கேமில் அது 6 படங்கள்.

90ஸ் கிட்ஸ் ஆடிய வாத்து சுடும் கேம் ஞாபகம் இருக்கா? துப்பாக்கியை அழுத்தியதும் திரை ஒரு கணம் கறுப்பாகி, வாத்து இருக்கும் இடத்தில் வெள்ளைக் கட்டம் மின்னும். துப்பாக்கிக் குழலுக்குள் இருக்கும் ஒளி உணரி அந்த வெள்ளையைப் பார்த்தால் வாத்து விழும். எல்லாம் கணக்கு வைத்த கணத்தில் நடக்க வேண்டும். இன்றைய டிவியில் அந்தக் கட்டம் தாமதமாகத் தெரிவதால், எவ்வளவு குறி பார்த்தாலும் வாத்து பறந்துவிடும்.

சரி, நம்ம டிவியில் என்ன மாத்தணும்?

1. கேம் மோடு: பிக்சர் செட்டிங்கில் இருக்கும். இதைப் போட்டாலே டிவி தன் அலங்கார வேலைகளில் பெரும்பாலானவற்றை நிறுத்திவிடும். நல்ல டிவிகளில் தாமதம் 20 மில்லி விநாடிக்குள் வந்துவிடும். பல டிவிகளில் ஒவ்வொரு ஹெச்டிஎம்ஐ போர்ட்டுக்கும் தனி செட்டிங் என்பதால், கன்சோல் இருக்கும் போர்ட்டில் போட்டிருக்கான்னு பாருங்க. ஏஎல்எல்எம் வசதி இருந்தால், கேம் தொடங்கியதும் டிவி தானே மாறிக்கொள்ளும்.

2. அசைவு வழுவழுப்பு: கேம் மோடு இல்லாத பழைய ஸ்மார்ட் டிவியா? எல்ஜியில் ட்ரூமோஷன், சோனியில் மோஷன்ஃப்ளோ, சாம்சங்கில் ஆட்டோ மோஷன் பிளஸ் என்ற பெயர்களில் இருப்பதை அணைத்துவிடுங்கள். நாய்ஸ் ரிடக்‌ஷனையும் அணைக்கலாம்.

3. 120 ஹெர்ட்ஸ்: டிவி, கன்சோல், கேம் மூன்றும் ஒத்துழைத்தால் விநாடிக்கு 120 படம் கிடைக்கும். ஒரு படத்துக்கான நேரம் 16.7-லிருந்து 8.3 மில்லி விநாடியாகக் குறையும். சில டிவிகளில் குறிப்பிட்ட போர்ட்டில் மட்டும்தான் இது வேலை செய்யும். பெட்டியில் மோஷன் ரேட் 120 என்று போட்டிருப்பது வேறு, திரை உண்மையில் 120 ஹெர்ட்ஸில் ஓடுவது வேறு. வாங்கும் முன் கேட்டுக்கோங்க.

4. சத்தம்: புளூடூத் ஹெட்போனில் சத்தம் தாமதமாக வரலாம். கன்ட்ரோலரிலேயே செருகும் ஒயர் ஹெட்போன் நல்லது. சவுண்ட்பார் இருந்தால், கன்சோலை நேராக டிவியில் செருகி, அங்கிருந்து சவுண்ட்பாருக்கு எடுங்கள்.

5. கேபிள்: விலை உயர்ந்த ஹெச்டிஎம்ஐ கேபிள் லேக்கைக் குறைக்காது. 4கே 120-க்கு மட்டும் அதற்குத் தகுந்த கேபிள் தேவை. மற்றபடி ரிச்சி ஸ்ட்ரீட்டில் கூடுதலா செலவு பண்ண அவசியம் இல்லை.

வீட்டிலேயே சோதிப்பது எப்படி? போனில் 240 படம் எடுக்கும் ஸ்லோமோஷன் இருக்கா? விரலும் திரையும் ஒன்றாகத் தெரியும்படி வைத்து, குதிக்கும் பட்டனை அழுத்துவதைப் படம் பிடியுங்கள். பட்டன் இறங்கியதிலிருந்து கதாபாத்திரம் குதிக்கும் வரை எத்தனை படம் என்று எண்ணுங்கள். ஒரு படம் சுமார் 4 மில்லி விநாடி. இதில் கேமுக்கே உள்ள தாமதமும் சேர்ந்திருக்கும். கேம் மோடு இல்லாமல் ஒரு முறை, போட்டு ஒரு முறை எடுத்தால், குறைந்த நேரம் எவ்வளவு என்று தெரிந்துவிடும். வித்தியாசம் பெரிதாக இருந்தால் புது டிவி வாங்க வேண்டாம். செட்டிங்தான் மருந்து. வித்தியாசமே இல்லாமல், ஆன்லைனில் ஆடும்போது மட்டும் லேக் வந்தால் அது இன்டர்நெட் கோளாறு. அப்போது வைஃபைக்குப் பதில் லேன் ஒயர் போட்டுப் பாருங்க.

கேம் மோடு போட்டதும் படம் கொஞ்சம் வெளிறிய மாதிரி இருக்கும். பயப்பட வேண்டாம், டிவி கெட்டுப்போகல. வந்ததை வந்தபடி காட்டுவதற்குக் கொடுக்கும் விலை அது. ஃபார்ன்ஸ்வொர்த்தின் கேமராவுக்கு அந்த விலை, பெம்மைக் கண் மூட வைத்த வெளிச்சம். நமக்குக் கொஞ்சம் நிறம்தான். கேம் முடிந்து படம் பார்க்க உட்காரும்போது மறக்காமல் பழைய மோடுக்கு மாத்திடுங்க.